எனக்குத்தான் ஒண்ணும் இல்லையே

2020 ஜூலையில் ஒரு நாள் காலை பெரியம்மா போன் செய்தார். குரலில் அழுகை இல்லை, கோபம்தான் இருந்தது. "எனக்குத்தான் ஒண்ணும் இல்லையேடா. காய்ச்சல் இல்ல, இருமல் இல்ல, மூணு வேளையும் நல்லாத்தான் சாப்பிடறேன். பாசிட்டிவ்னு எழுதிக் குடுத்துட்டாங்க."

பெரியம்மா முப்பது வருஷமாகச் சென்னையில் வீடுகளுக்குப் போய்ச் சமைத்துக் கொடுப்பவர். தெருவில் நடந்த கொரோனா முகாமில் மூக்கில் குச்சி விட்டுப் பரிசோதித்திருக்கிறார்கள். முடிவு வந்த அன்றே வாசலில் தகரம் அடித்துவிட்டார்கள். 14 நாள் உள்ளேயே இருந்தார். அவர் சமைத்த இரண்டு வீடுகளில் ஒரு வீட்டுக்காரர்கள் அந்த மாதச் சம்பளத்தை அப்படியே அனுப்பி வைத்தார்கள். இன்னொரு வீட்டிலிருந்து இனிமேல் வர வேண்டாம் என்று தகவல் வந்தது. பத்து வருஷம் சமைத்துப் போட்ட வீடு. அவர்களைத் திட்டவும் எனக்கு மனம் வரவில்லை, அங்கே எண்பது தாண்டிய பெரியவர் ஒருவர் இருந்தார். பெரியம்மாவுக்குச் சம்பளம் போனதுகூடப் பெரிதாகத் தெரியவில்லை. "என் கை யாருக்கும் கெடுதல் பண்ணினதில்லடா" என்றே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தார்.

அன்று ராத்திரிதான், தனக்கு ஒன்றும் இல்லாமலே மற்றவர்களுக்கு டைபாய்டைப் பரப்பிய மேரி மாலனைப் பற்றித் தேடிப் படிக்க ஆரம்பித்தேன். கல்லூரியில் நுண்ணுயிரியல் பாடத்தில் 'டைபாய்டு மேரி' என்று நாலு வரி வரும். பரீட்சைக்குப் படித்ததோடு சரி. அந்த நாலு வரிக்குப் பின்னால் ஒரு சமையல்கார அம்மாவின் முழு வாழ்க்கை இருக்கிறது என்று அப்போது எனக்கு உறைக்கவில்லை.

மேரி 1869இல் அயர்லாந்தில், டைரோன் மாவட்டத்து குக்ஸ்டவுன் என்ற ஊரில் பிறந்தவர். பதின்ம வயதில் கப்பலேறி நியூயார்க் வந்தார். வீட்டு வேலைகள் செய்து, நாளடைவில் பணக்கார வீடுகளில் சமையல் வேலைக்கு உயர்ந்தார். உயர்ந்தார் என்று யோசித்துத்தான் எழுதுகிறேன். வீட்டு வேலைக்கு வரும் ஐரிஷ் பெண்களில் சமையல் செய்பவருக்குத்தான் சம்பளமும் மரியாதையும் அதிகம்.

1906 கோடையில் சார்லஸ் ஹென்றி வாரன் என்ற வங்கியாளர், லாங் ஐலண்டில் ஆய்ஸ்டர் பே என்ற ஊரில் ஒரு வீட்டை வாடகைக்கு எடுத்துக் குடும்பத்தோடு போய்த் தங்கினார். வேலைக்காரர்களையும் சேர்த்து வீட்டில் 11 பேர். ஆகஸ்ட் 27ஆம் தேதி ஒரு மகளுக்குக் காய்ச்சல் கண்டது. அப்புறம் மனைவி, இன்னொரு மகள், பணிப்பெண்கள் இரண்டு பேர், தோட்டக்காரர் என்று 6 பேர் டைபாய்டில் படுத்துவிட்டார்கள். ஆய்ஸ்டர் பே அன்றைய அமெரிக்க ஜனாதிபதி தியோடர் ரூஸ்வெல்ட்டே வீடு வைத்திருந்த ஊர். டைபாய்டு என்றால் ஏழைகள் நெருக்கியடித்து வாழும் பகுதிகளில் வருவது என்று எல்லோரும் நினைத்திருந்த காலம் அது. வாடகைக்கு விட்ட வீட்டுக்காரருக்குப் பயம் பிடித்துக்கொண்டது. காரணத்தைக் கண்டுபிடிக்காவிட்டால் அடுத்த வருஷம் அந்த வீட்டுக்கு யாரும் வரமாட்டார்கள். அதனால் ஜார்ஜ் சோப்பர் என்ற சுகாதாரப் பொறியாளரை அமர்த்தினார்.

சோப்பர் கிணற்றுத் தண்ணீரைப் பார்த்தார், கழிவுக் குழாயைப் பார்த்தார், பாலைப் பார்த்தார், கடற்கரையில் வாங்கிய சிப்பியைக்கூடச் சந்தேகப்பட்டார். ஒன்றும் சரியாகப் பொருந்தவில்லை. கடைசியில் நோய் வந்த சமயம் வீட்டில் இருந்து, இப்போது இல்லாதவர் யார் என்று விசாரித்தார். புதிதாகச் சேர்ந்த சமையல்காரர் ஒருவர் இருந்திருக்கிறார். ஆகஸ்ட் 4ஆம் தேதி வந்தவர், காய்ச்சல் தொடங்கி மூன்று வாரத்தில் வேலையை விட்டுப் போய்விட்டார். டைபாய்டு கிருமி உடம்புக்குள் போய் நோய் வெளியே தெரிய ஒன்றிலிருந்து மூன்று வாரம் ஆகும். தேதி கச்சிதமாகப் பொருந்தியது.

ஆனால் ஒரு சிக்கல். சமையல்காரர் கையில் கிருமி இருந்தாலும் அடுப்புச் சூட்டில் செத்துவிடுமே? சோப்பர் குடைந்து குடைந்து விசாரித்ததில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மேரி செய்து கொடுத்த இனிப்பு ஒன்று தெரியவந்தது. பச்சையாக நறுக்கிய பீச் பழத்தைப் போட்டு உறைய வைத்த ஐஸ்கிரீம். வீட்டில் எல்லோருக்கும் அது ரொம்பப் பிடித்திருந்ததாம்.

இந்த இடத்தில் படிப்பதை நிறுத்திவிட்டு வெகுநேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். பழம் நறுக்கும் கை எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். பெரியம்மா மாம்பழம் நறுக்கும்போது சாறு மணிக்கட்டு வரைக்கும் வழியும். கொட்டையைச் சுற்றி ஒட்டியிருக்கும் சதையைக் கத்தியால் எடுக்கமாட்டார், விரலால்தான் வழித்துக் கிண்ணத்தில் போடுவார். பிரியமாகச் செய்யும் வேலையில் கை அதிகம் படும்.

வேலைக்கு ஆள் அனுப்பும் ஏஜென்சி மூலமாக மேரி முன்பு சமைத்த வீடுகளைச் சோப்பர் தேடிப் போனார். 8 குடும்பங்கள் கிடைத்தன. அதில் 7 குடும்பங்களில் டைபாய்டு வந்திருந்தது, மொத்தம் 22 பேருக்கு. 1902இல் மெய்ன் மாநிலத்தில் டார்க் ஹார்பர் என்ற இடத்தில் வீட்டிலிருந்த 9 பேரில் 7 பேர் விழுந்துவிட்டார்கள். நோய் தொற்றாத வீட்டுத் தலைவரும் மேரியும்தான் மற்றவர்களுக்குப் பணிவிடை செய்தார்கள். அதற்காக அவர் மேரிக்குச் சம்பளத்துக்கு மேல் 50 டாலர் கொடுத்தார். தன்னிடமிருந்துதான் அவர்களுக்கு வந்தது என்று மேரிக்கும் தெரியாது, பணம் கொடுத்தவருக்கும் தெரியாது.

1907 மார்ச்சில் பார்க் அவென்யூவில் ஒரு வீட்டுச் சமையலறையில் சோப்பர் மேரியைக் கண்டுபிடித்தார். அந்த வீட்டில் மகள் டைபாய்டில் சாகக் கிடந்தாள். சோப்பர் நேராகப் போய், உங்களால்தான் நோய் பரவுகிறது, உங்கள் சிறுநீர், மலம், ரத்தம் எல்லாம் பரிசோதனைக்கு வேண்டும் என்று கேட்டார். மேரி இறைச்சி வெட்டும்போது குத்திப் பிடிக்கிற முள்கரண்டியைத் தூக்கிக்கொண்டு வந்தார். சோப்பர் ஓடித் தப்பித்தார். இதைப் பல இடங்களில் வேடிக்கையாக எழுதியிருக்கிறார்கள். எனக்கு இதில் சிரிக்க ஒன்றுமில்லை. முன்பின் தெரியாத ஆண் ஒருவர், பெரியம்மா நின்று சமைக்கும் அடுப்படிக்குள் நுழைந்து, உன் மலத்தைக் கொடு என்று கேட்டிருந்தால் பெரியம்மா என்ன செய்திருப்பார் என்று யோசித்துப் பார்த்தேன்.

அடுத்து வந்தவர் டாக்டர் சாரா ஜோசபின் பேக்கர், நகரச் சுகாதாரத் துறையில் வேலை பார்த்த பெண் மருத்துவர். அவருடைய அப்பாவே டைபாய்டில் இறந்தவர். அவர் முதலில் தனியாகப் போய்க் கேட்டும் மேரி மசியவில்லை. மறுபடி போலீசோடு போனபோது மேரி மறைந்துவிட்டார். மணிக்கணக்காகத் தேடினார்கள். ஒரு கதவிடுக்கில் பாவாடைத் துணியின் முனை மாட்டியிருந்ததைப் பார்த்துத்தான் அந்தச் சின்ன அறைக்குள் ஒளிந்திருந்தவரைப் பிடித்தார்கள். மற்ற வேலைக்காரர்கள் அந்தக் கதவுக்கு முன்னால் சாம்பல் தொட்டிகளை அடுக்கி வைத்திருந்தார்கள். அவர்களுக்கு மேரி தங்கள் ஆள். ஆம்புலன்ஸில் போகும் வழியெல்லாம் டாக்டர் பேக்கர் மேரியின் மேலேயே உட்கார்ந்துகொண்டு போக வேண்டியிருந்தது.

பரிசோதனையில் மலத்தில் டைபாய்டு கிருமி இருந்தது. கொஞ்சநஞ்சமில்லை, நிறையவே இருந்தது.

எனக்கும் டைபாய்டு வந்திருக்கிறது. 1986, நாலாம் வகுப்பு. சாயங்காலம் ஆனால் காய்ச்சல் ஏறும், விடிந்தால் கொஞ்சம் இறங்கும், ஒவ்வொரு நாளும் நேற்றைவிட அரைப் பாகை கூடும். ரத்தம் எடுத்து விடால் டெஸ்ட் பார்த்தார்கள். மூன்று வாரம் கஞ்சியும் ரஸ்க்கும்தான். குளோரம்பெனிக்கால் மாத்திரையின் கசப்பு இப்போது நினைத்தாலும் நாக்கில் வருகிறது. அந்த மருந்து டைபாய்டைக் குணப்படுத்தும் என்று தெரியவந்தது 1948இல் கோலாலம்பூரில். வேறொரு காய்ச்சலுக்கு அதைக் கொடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தபோது, அந்த நோயாளிகளில் சிலருக்கு வந்திருந்தது உண்மையில் டைபாய்டு என்று தெரிந்தது, அவர்களும் எழுந்து உட்கார்ந்துவிட்டார்கள். அதற்கு முன்னால் டைபாய்டு வந்தால் கஞ்சியும் கடவுளும்தான். இலங்கைத் தமிழர் இதை நெருப்புக் காய்ச்சல் என்பார்கள். வந்து படுத்தவர்களுக்கு அந்தப் பெயர் எவ்வளவு சரி என்று தெரியும்.

திருவிழாவில் பால் ஐஸ் தின்றதுதான் காரணம் என்று அம்மா முடிவு கட்டிவிட்டார். இருக்கலாம். ஆனால் ஐஸுக்குக் கிருமி எங்கிருந்து வந்தது என்று யாரும் கேட்கவில்லை. டைபாய்டு கிருமிக்கு மனித உடம்பைத் தவிர வேறு வீடு கிடையாது. ஆட்டுக்கும் மாட்டுக்கும் கோழிக்கும் அது வராது. அப்படியென்றால் எனக்கு வந்தது நிச்சயம் இன்னொரு மனிதரிடமிருந்துதான். அவர் அன்றைக்குப் படுக்கையில் கிடந்திருக்க வேண்டும் என்று கட்டாயமில்லை, திருவிழாவில் என் பக்கத்தில் நின்று சாமி கும்பிட்டவராகக்கூட இருக்கலாம்.

டைபாய்டு வந்து பிழைத்தவர்களில் நூற்றுக்கு இரண்டிலிருந்து ஐந்து பேர் வரை இப்படி ஆகிவிடுகிறார்கள். காய்ச்சல் போய்விடும், கிருமி போகாது. ஈரலிலிருந்து பித்தநீரோடு இறங்கிப் பித்தப்பையில் தங்கிக்கொள்ளும். பித்தக்கல் இருந்தால் அதற்கு இன்னும் வசதி. குளத்துப் படிக்கட்டில் பாசி படிவதுபோலக் கல்லின்மேல் படலமாகப் படிந்துவிடும், மருந்து உள்ளே ஊடுருவாது. அங்கிருந்து அவ்வப்போது பித்தநீரோடு குடலுக்கு இறங்கி மலத்தில் வெளியேறும். பித்தக்கல் பெண்களுக்கு, அதிலும் நடுவயது தாண்டியவர்களுக்கு அதிகம். அவர்கள்தான் பெரும்பாலும் வீட்டில் சமைப்பவர்கள். இன்னும் சிலருக்கு முதல் காய்ச்சலே வந்ததாக நினைவிருக்காது. மேரி தனக்கு டைபாய்டு வந்ததே இல்லை என்று சாகும்வரை சொன்னார். அவர் பொய் சொன்னார் என்று நான் நினைக்கவில்லை. லேசாக நாலு நாள் காய்ந்து போயிருக்கலாம், அதை யார் ஞாபகம் வைத்துக்கொள்வார்கள்?

மருத்துவத்தில் இவர்களுக்குக் கேரியர் என்று பெயர். அந்தச் சொல்லைக் கேட்டால் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது பெரியம்மா எங்கள் வீட்டுக்குத் தூக்கிக்கொண்டு வரும் நாலடுக்கு எவர்சில்வர் கேரியர்தான். காய்ச்சலில் கிடந்த எனக்குக் கஞ்சி வந்ததும் அதில்தான்.

நோயில்லாதவர் நோயைப் பரப்ப முடியும் என்பது அப்போது மருத்துவர்களுக்கே புதிது. 1902இல் கிருமி ஆராய்ச்சியாளர் ராபர்ட் கோஹ் ஜெர்மனியின் டிரியர் பகுதியில் டைபாய்டை ஆராய்ந்து இதைச் சொல்லியிருந்தார். சோப்பர் அதைப் படித்திருந்தார். மேரி எங்கே படிப்பார்? நேற்றுவரை நல்ல கைப்பக்குவம் என்று சொன்ன உலகம், இன்றைக்கு உன் உடம்பே விஷம் என்கிறது. அவருக்கோ தலைவலிகூட இல்லை.

நார்த் பிரதர் தீவு நியூயார்க்கின் கிழக்கு ஆற்றில் இருக்கிறது. தொற்றுநோய்க்காரர்களுக்கான ஆஸ்பத்திரி அங்கே இருந்தது. அந்தத் தீவில் ஒரு சின்ன வீட்டில் மேரியை வைத்தார்கள். துணைக்கு ஒரு நாய். விசாரணை, தண்டனை எதுவும் கிடையாது. 1907 மார்ச்சிலிருந்து 1909 ஜூன் வரை அவருடைய மலத்தை 163 முறை சோதித்ததில் 120 முறை கிருமி இருந்தது. தனியார் ஆய்வகம் ஒன்றுக்கு அவரே அனுப்பிய மாதிரிகளில் கிருமி இல்லை என்று வந்தது. கேரியரிடமிருந்து கிருமி விட்டுவிட்டுத்தான் வெளியேறும். அதை யாராவது பக்கத்தில் உட்கார்ந்து அவருக்குப் புரியும்படி சொன்னார்களா? பித்தப்பையை எடுத்துவிடலாம் என்றார்கள். எனக்கு நோயே இல்லை, எதற்கு வயிற்றைக் கிழிக்க வேண்டும் என்று அவர் மறுத்தார். அன்றைக்கு அந்த ஆபரேஷனில் உயிர் போகிற வாய்ப்பும் இருந்தது.

வக்கீலுக்கு அவர் எழுதிய ஒரு கடிதம் இன்றும் இருக்கிறது. அதில் என்னை உலுக்கியது கண்ணைப் பற்றிய பகுதி. தீவுக்கு வந்த புதிதில் அவருடைய ஒரு கண்ணின் இமை செயலிழந்து, மூட முடியாமல் ஆறு மாதம் கிடந்திருக்கிறது. தீவுக்கு வாரத்தில் மூன்று நான்கு தரம் கண் டாக்டர் வந்து போயிருக்கிறார். ஒருமுறைகூட மேரியைப் பார்க்கும்படி அவரிடம் யாரும் சொல்லவில்லை. ராத்திரியில் கண்ணைத் தானே கட்டிக்கொண்டு தூங்கியிருக்கிறார். இத்தனை முறை மலத்தைச் சோதித்தவர்களுக்கு அந்தக் கண் தெரியவில்லை.

1909 ஜூனில் ஒரு பத்திரிகை, வாணலியில் மண்டையோடுகளைப் போடுகிற பெண்ணாக அவரைப் படம் வரைந்து வெளியிட்டது. ஜூலையில் நீதிமன்றமும் அவரை விட மறுத்தது. 1910 பிப்ரவரியில் புதிய சுகாதார ஆணையர் இரக்கப்பட்டு விடுவித்தார். இனிச் சமைக்கமாட்டேன் என்று கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள். துணி வெளுக்கும் வேலை கிடைத்தது.

போன வருஷம் பெரியம்மாவிடம் இந்தக் கதையைச் சொல்லிக்கொண்டு வந்தபோது இந்த இடத்தில் நிறுத்தி, "சமைக்கிற வேலைக்குக் கிடைச்ச அதே சம்பளம் கிடைச்சுதா?" என்று கேட்டார். இல்லை, ரொம்பக் குறைவு என்றேன். "அப்ப எத்தனை நாளைக்குத் தாங்கும்" என்றார்.

தாங்கவில்லை. மேரி பெயரை மாற்றிக்கொண்டு மறுபடி அடுப்படிக்குப் போனார். 1915இல் நியூயார்க்கின் ஸ்லோன் பெண்கள் ஆஸ்பத்திரியில் 25 பேருக்கு டைபாய்டு வந்தது, 2 பேர் இறந்தார்கள். அது பிரசவ ஆஸ்பத்திரி. சமையலறையில் இருந்தவர் பெயர் மேரி பிரவுன். சோப்பர் கையெழுத்தைப் பார்த்து அடையாளம் சொன்னார்.

இதற்கு நான் சமாதானம் தேடப் போவதில்லை. முதல் தடவை அவருக்குத் தெரியாது. இந்தத் தடவை அவரிடம் சொல்லியிருந்தார்கள். நம்பவில்லை என்பது வேறு, சொல்லவே இல்லை என்பது வேறு. அந்த 2 பேருக்கும் அம்மா அப்பா இருந்திருப்பார்கள். பெரியம்மாவும் இங்கே முகத்தைச் சுளித்தார். "ஆஸ்பத்திரியில போய்ச் சமைச்சிருக்கக் கூடாது" என்றார்.

ஆனால் மற்ற கேரியர்களை அதே நகரம் எப்படி நடத்தியது என்று பார்த்தால் வயிறு எரிகிறது. டோனி லபெல்லா என்பவரால் 1922இல் 122 பேருக்கு நோய் வந்தது, 5 பேர் இறந்தார்கள். மேரியின் மேல் உறுதியான 3 சாவுகளைவிட அது அதிகம். அவரைத் தீவில் அடைக்கவில்லை. ஆல்போன்ஸ் கோட்டில்ஸ் பேக்கரி, ஓட்டல் நடத்தியவர், தடையை மீறிச் சமையலறைக்குள் இருந்து பிடிபட்டார். இனிப் போனிலேயே வியாபாரத்தைப் பார்த்துக்கொள்கிறேன் என்றதும் நீதிபதி விட்டுவிட்டார். மேரி இறந்தபோது நியூயார்க்கில் பதிவான கேரியர்கள் 400க்கும் மேல். மேரியளவுக்கு நீண்ட காலம் யாரையும் அடைத்து வைக்கவில்லை. கல்யாணமாகாத, சொந்தம் என்று யாரும் இல்லாத, வாய்த்துடுக்கான ஐரிஷ் சமையல்காரப் பெண்ணுக்கு ஒரு நியாயம், கடை வைத்திருந்தவருக்கு ஒரு நியாயம்.

இங்கிலாந்திலும் இது நடந்தது. எப்சம் பக்கத்தில் லாங் குரோவ் என்ற மனநோய் ஆஸ்பத்திரியில் 1907லிருந்து 1992 வரை குறைந்தது 43 பெண்களைக் கேரியர் என்று தனியே அடைத்து வைத்திருந்தார்கள். ஆன்டிபயாட்டிக் வந்த பிறகும் சிலருக்கு அதுதான் வீடு. குராய்டனில் 1937இல் குடிநீர்க் கிணற்றைப் பழுதுபார்க்க இறங்கிய தொழிலாளி ஒருவர் கேரியர். அது அவருக்குத் தெரியாது. வேலை நடந்த சமயம் குளோரின் கலப்பதும் நின்றிருந்தது. 341 பேருக்கு நோய், 43 சாவு. தண்ணீரில் குளோரின் இருந்திருந்தால் அந்தத் தொழிலாளி தன்பாட்டுக்கு வேலையை முடித்துவிட்டு வீட்டுக்குப் போயிருப்பார். டைபாய்டைப் பெரும்பாலும் ஒழித்த நாடுகள் நல்ல தண்ணீராலும் மூடிய சாக்கடையாலும்தான் ஒழித்தன, கேரியர்களைத் தேடித் தேடி அடைத்ததால் இல்லை.

இப்போது சிப்ரோஃபுளோக்சசின் போன்ற மருந்தை நாலு வாரம் கொடுத்தால் கேரியர்களில் பெரும்பாலோரிடம் கிருமி போய்விடுகிறது. கிருமி அதற்கும் பழகிக்கொண்டு வருகிறது என்பதுதான் கவலை. நம் நாட்டு உணவுப் பாதுகாப்பு விதிகளில் ஓட்டல்களில் உணவைக் கையாள்பவர்களுக்கு வருஷா வருஷம் உடல் பரிசோதனை, டைபாய்டு தடுப்பூசி எல்லாம் எழுதப்பட்டிருக்கின்றன. வீடுகளில் சமைக்கும் பெரியம்மா மாதிரியானவர்கள் எந்தப் பதிவேட்டிலும் இல்லை. போன மாதம் நானே கூட்டிக்கொண்டு போய் டைபாய்டு தடுப்பூசி போட வைத்தேன். அங்கிருந்த நர்ஸ் பெரியம்மாவை உட்கார வைத்து, இது எதற்கு, போட்டால் என்ன ஆகும் என்று பத்து நிமிஷம் பொறுமையாகச் சொன்னார். பெரியம்மா தானாகவே கையை நீட்டினார்.

மேரியின் கடைசிக் காலத்தையும் பெரியம்மாவிடம் சொன்னேன். இரண்டாம் முறை தீவுக்குப் போனவர் கடைசிவரை அங்கேயே இருந்தார், 23 வருஷத்துக்கும் மேல். சில வருஷங்கள் கழித்து அங்கிருந்த ஆய்வகத்தில் அவருக்கு உதவியாளர் வேலை கொடுத்தார்கள். குப்பிகளைக் கழுவுவதும், சோதனைக்கு வேண்டியதை எடுத்து வைப்பதும். தன்னைச் சுற்றி வளைத்த அதே வகைக் கண்ணாடிக் குழாய்களை அந்தக் கைகள் தினமும் கழுவி அடுக்கின. 1932இல் பக்கவாதம் வந்து படுக்கையில் விழுந்தார். 1938 நவம்பர் 11ஆம் தேதி இறந்தார். சர்ச்சுக்கு வந்தவர்கள் 9 பேர்.

"ஒம்பது பேர்தானா" என்றார் பெரியம்மா. அடுப்பில் பால் பொங்கி வரும் சத்தம் கேட்டு எழுந்து உள்ளே போனார்.